ட்ரூங் சின்னை முழுதாகச் சொல்லிக்கொடுங்கள்

தமிழ்நாட்டில் இடதுசாரி அரசியல் வகுப்புகள் எடுக்கும் ஆசிரியர்களுக்கும், அந்த வகுப்புகளுக்கான நூல்களை அச்சிடும் பதிப்பாளர்களுக்கும்,

தோழர்களே, வணக்கம்.

வியட்நாம் பற்றிய வகுப்புகளில் பலமுறை உட்கார்ந்து கேட்டிருக்கிறேன். பிரெஞ்சுப் படையைத் தோற்கடித்த தியன் பியன் பூ மலைகளில் பீரங்கிகளைக் கயிறு கட்டி ஆட்களே இழுத்து ஏற்றிய கதையை நீங்கள் சொல்லும்போது இன்றும் உடம்பு சிலிர்க்கிறது. ஹோ சி மின் வருகிறார், தளபதி கியாப் வருகிறார், 1975 ஏப்ரல் 30 அன்று சைகோன் அதிபர் மாளிகையின் கதவை மோதித் திறந்த டாங்கி வருகிறது. அத்தோடு வகுப்பு முடிந்துவிடுகிறது. பிரெஞ்சுக்காரனை விரட்டிய பிறகு வடக்கில் கிராமங்களில் என்ன நடந்தது, அமெரிக்கனை விரட்டிய பிறகு மக்கள் எதைச் சாப்பிட்டார்கள் என்று யாராவது இளைஞர் கேட்டால், "அதை அப்புறம் பார்க்கலாம்" என்று பேச்சு மாறுகிறது. அந்த "அப்புறம்" வந்து நான் பார்த்ததில்லை.

அந்த இரண்டு கேள்விகளுக்கும் நடுவில் ஒரே மனிதர் நிற்கிறார். ட்ரூங் சின். வியட்நாம் கட்சிக்கு 1941 முதல் 1956 வரை பொதுச் செயலாளர். 1981 முதல் 1987 வரை அரசுக் கவுன்சிலின் தலைவர், அதாவது நாட்டின் தலைவர். 1986இல் சில மாதங்கள் மறுபடியும் பொதுச் செயலாளர். இவ்வளவு பெரிய பொறுப்புகளில் இருந்தவரின் பெயர் நம் வகுப்புகளில் ஒரு பட்டியலில் வந்து போவதோடு சரி. அவருடைய அரசியல் வாழ்க்கையை முழுதாக, கறையோடும் பெருமையோடும் சொல்லிக்கொடுங்கள் என்று கேட்கத்தான் இந்த மடல்.

ஆரம்பம் உங்களுக்குத் தெரிந்த மாதிரிக் கதைதான். 1907இல் நாம் டின் மாகாணத்தில், படிப்புக்குப் பெயர்போன ஹான் தியன் கிராமத்தில் பிறந்தவர். இயற்பெயர் தாங் சுவான் கு. 1926இல் தேசியத் தலைவர் பான் சு ட்ரினுக்கு அஞ்சலி செலுத்த மாணவர்கள் திரண்டபோது அவரும் இறங்கினார், பள்ளியை விட்டு நீக்கப்பட்டார். 1930இல் கைதானார். 12 ஆண்டுத் தண்டனை. ஹோவா லோ சிறை, பிறகு சோன் லா சிறை. பிரான்சில் இடதுசாரிகளின் கூட்டணியான மக்கள் முன்னணி ஆட்சிக்கு வந்ததால் 1936இல் வெளியே வந்தார். வந்ததும் கியாப்போடு சேர்ந்து விவசாயிகளின் நிலைமை பற்றி ஒரு நூல் எழுதினார். நிலமில்லாதவன் எப்படிக் கடனில் மூழ்குகிறான், குத்தகை எப்படி அவன் விளைச்சலை விழுங்குகிறது என்று ஆராய்ந்த நூல் அது. கிராமத்தை அறியாத ஆள் இல்லை அவர். பின்னால் நடந்ததைப் படிக்கும்போது இதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

சரி, 1953க்கு வருவோம்.

நிலச்சீர்திருத்தம் தேவையா என்றால் தேவைதான். 1945 பஞ்சத்தில் வடக்கு வியட்நாமில் பத்து லட்சம் பேருக்குக் குறையாமல் செத்தார்கள் என்றே பல கணக்குகள் சொல்கின்றன. நிலமில்லாத குடும்பங்கள்தான் முதலில் செத்தன. அந்த மக்களுக்கு நிலம் கொடுப்போம் என்று ஒரு கட்சி சொன்னதில் தவறே இல்லை. 8 லட்சம் ஹெக்டேருக்கு மேல் நிலம் பிரித்துக் கொடுக்கப்பட்டது, சுமார் 20 லட்சம் குடும்பங்கள் பயன்பெற்றன. வகுப்பில் இந்த எண்கள் சொல்லப்படுகின்றன. சொல்லப்பட வேண்டியவைதான்.

அந்த நிலம் எப்படிப் பிரிக்கப்பட்டது என்பதையும் சொல்ல வேண்டும். வெளியிலிருந்து ஒரு குழு ஊருக்குள் வரும். ஊரிலேயே பரம ஏழையின் வீட்டில் தங்கும், அவர்களோடு உண்ணும், அவர்களோடு வயலில் இறங்கும். அவர்கள் வழியாக அடுத்த ஏழையைப் பிடிக்கும். பிறகு ஊரில் ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு வர்க்க முத்திரை: நிலப்பிரபு, பணக்கார விவசாயி, நடுத்தர விவசாயி, ஏழை விவசாயி. நிலப்பிரபு என்று குறிக்கப்பட்டவரை இரவில் தீப்பந்த வெளிச்சத்தில் ஊர் நடுவே நிறுத்திக் குற்றம்சாட்டச் சொல்வார்கள். பிறகு சிறப்பு மக்கள் நீதிமன்றம். மேல்முறையீடு என்று சொல்லிக்கொள்ள எதுவும் கிடையாது. ஒரு ஊரில் இத்தனை நிலப்பிரபுக்கள் இருந்தாக வேண்டும் என்ற எதிர்பார்ப்பு மேலிருந்து வந்தது. ஆள் கிடைக்காத ஊர்களில் கொஞ்சம் வசதியாக இருந்த விவசாயியும், கட்சியின் உள்ளூர் ஊழியருமே அந்தக் கணக்கில் சேர்க்கப்பட்டார்கள். சீன ஆலோசகர்களின் அனுபவம் அப்படியே பின்பற்றப்பட்டது. சீனத்தின் நெடும்பயணத்தைப் போற்றி அதையே தன் புனைபெயராக வைத்துக்கொண்டவர் ட்ரூங் சின். கட்சியின் பொதுச் செயலாளராக இந்த இயக்கத்தை நடத்திய முதன்மைப் பொறுப்பு அவருடையது.

1953 ஜூலையில் தாய் நுயென் மாகாணத்தில் முதலில் சுட்டுக்கொல்லப்பட்டவர் ஒரு பெண். நுயென் தி நாம். ஹைபோங்கில் வணிகம் செய்தவர், தாய் நுயெனில் தோட்டம் வைத்திருந்தவர். பிரெஞ்சு ஒற்றர்கள் தேடிக்கொண்டிருந்த காலத்தில் கட்சித் தலைவர்களுக்குச் சோறு போட்டு ஒளித்து வைத்த வீடு அவருடையது. அந்த வீட்டில் உண்டவர்களில் ட்ரூங் சின்னும் ஒருவர். 1945இல் புதிய அரசுக்காகப் பொன் திரட்டியபோது அள்ளிக் கொடுத்தார். அவருடைய மகன்கள் மக்கள் படையில் சேர்ந்திருந்தார்கள். அத்தனையும் தெரிந்திருந்தும் "கொடிய நிலப்பிரபு" என்று தீர்ப்பு எழுதப்பட்டது. இந்த ஒரு பெயரையாவது உங்கள் மாணவர்கள் கேள்விப்பட வேண்டாமா?

மொத்தம் எத்தனை பேர் கொல்லப்பட்டார்கள் என்பதில் ஆய்வாளர்கள் இன்றும் ஒத்துப்போவதில்லை. சில ஆயிரம் என்பவர்களும் உண்டு, பல்லாயிரம் என்பவர்களும் உண்டு. தவறு நடந்தது என்பதில் மட்டும் சர்ச்சையே இல்லை, ஏனென்றால் அதைச் சொன்னது கட்சியேதான். 1956 ஆகஸ்டில் ஹோ சி மின் விவசாயிகளுக்கும் ஊழியர்களுக்கும் கடிதம் எழுதித் தவறுகளை ஒப்புக்கொண்டார். அக்டோபர் இறுதியில் கியாப் ஹனோயில் பொதுமேடையில் பேசினார். நேர்மையானவர்களைத் தாக்கினோம், எங்கு பார்த்தாலும் எதிரியாகவே கண்டோம், அச்சுறுத்தலையே வழியாகக் கொண்டோம் என்ற பொருளில் வெளிப்படையாகவே சொன்னார். மையக்குழுவின் பத்தாவது கூட்டத்தில் ட்ரூங் சின் பொதுச் செயலாளர் பதவியிலிருந்து விலகினார். சிறையில் இருந்தவர்கள் விடுவிக்கப்பட்டார்கள், தவறான முத்திரைகள் திருத்தப்பட்டன. செத்தவர்கள் திரும்பவில்லை.

ஆளும் கம்யூனிஸ்ட் கட்சியின் முதல் நிலைத் தலைவர் ஒருவர், தன் காலத்தில் நடந்த கொடுமைக்காகப் பதவி விலகியது அன்றைய உலகில் அரிதான காரியம். அதை மதிக்கிறேன். ஆனால் அவர் கட்சியின் உச்சத் தலைமையான அரசியல் குழுவிலேயே தொடர்ந்தார், 1958இல் துணைப் பிரதமர் ஆனார், 1960இல் தேசியப் பேரவையின் தலைவர் ஆகி 21 ஆண்டுகள் அங்கேயே இருந்தார். நுயென் தி நாம் அம்மையாரின் குடும்பத்துக்கு அந்த முத்திரையிலிருந்து விடுபட எத்தனையோ ஆண்டுகள் பிடித்தன. இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து மாணவர்கள் பார்க்கட்டும்.

அடுத்தது வின் ஃபுக். நம் வகுப்புகளுக்கு மிகவும் பயன்படக்கூடிய இடம் இதுதான் என்று நினைக்கிறேன், ஆகவே கொஞ்சம் நின்று சொல்கிறேன்.

1960களில் வடக்கில் கூட்டுப்பண்ணை. காலையில் மணி அடிக்கும், எல்லோரும் வயலுக்குப் போவார்கள். வேலைக்குப் புள்ளி. புள்ளிக்குத் தானியம். நாற்றை ஒழுங்காக நட்டாலும் ஏனோதானோவென்று நட்டாலும் புள்ளி கிட்டத்தட்ட ஒன்றுதான். குடும்பம் தனக்கென்று வைத்துக்கொள்ள அனுமதித்தது ஐந்து சதவீத நிலம் மட்டுமே. அந்தத் துண்டு நிலத்தில் பயிர் செழித்து நிற்கும், பக்கத்தில் கூட்டுப்பண்ணை வயல் சோர்ந்து கிடக்கும். வின் ஃபுக் மாகாணக் கட்சிச் செயலாளர் கிம் ங்கொக் இதைக் கண்ணால் பார்த்தார். 1966இல் மாகாணக் குழு தீர்மானம் போட்டு, கூட்டுப்பண்ணை நிலத்தையும் வேலையையும் குடும்பங்களிடமே ஒப்படைக்கும் முறையைத் தொடங்கியது. இத்தனை மூட்டை பண்ணைக்கு, மிச்சம் உனக்கு. போர் நடந்துகொண்டிருந்த காலம், ஆண்கள் முனையில் இருந்தார்கள், தலைக்கு மேல் அமெரிக்கக் குண்டுகள். அப்படியும் விளைச்சல் ஏறியது.

1968இல் ட்ரூங் சின் அங்கே போனார். பாராட்டப் போகவில்லை. இது மக்களைத் தனியுடைமைக்குத் திருப்பிவிடும், கூட்டுப்பண்ணையைக் கரைத்துவிடும் என்று கண்டித்தார். கட்சியின் கோட்பாட்டு இதழிலும் அந்தக் கண்டனம் வந்தது. கிம் ங்கொக் தன்விமர்சனம் எழுத வேண்டியதாயிற்று. குடும்ப ஒப்பந்த முறை நின்றது. 1979இல் கிம் ங்கொக் இறந்துபோனார். 1981 ஜனவரியில் கட்சியின் நூறாவது ஆணை கிட்டத்தட்ட அதே வழியை நாடு முழுக்கத் திறந்துவிட்டது. ஊழியர்களில் யாரோ மேலிடத்துக்கு மாறாகச் செய்து பார்க்கும்போது, அவரை எப்படி நடத்த வேண்டும் என்று நம் கூட்டங்களில் எத்தனை விவாதங்கள் நடந்திருக்கின்றன! கிம் ங்கொக்கின் கதையைவிட நல்ல பாடம் அதற்குக் கிடையாது.

அதே 1981இல் ட்ரூங் சின் நாட்டின் தலைவர் ஆனார். அது மக்கள் ரேஷன் புத்தகத்தை உயிராகப் பிடித்துக்கொண்டிருந்த காலம். முகம் வாடி நிற்பவனைப் பார்த்தால் "அரிசிப் புத்தகத்தைத் தொலைத்தவன் மாதிரி இருக்கிறாயே" என்று அங்கே சொல்வார்கள். அது அந்த நாட்களில் பிறந்த பேச்சு. விடியும் முன்பே கடை வாசலில் ஒரு செங்கல்லையோ கிழிந்த கூடையையோ வைத்து வரிசையில் இடம் பிடித்தார்கள். 1985 செப்டம்பரில் பழைய பத்து டாங்குக்குப் புதிய ஒரு டாங் என்று நாணயத்தை மாற்றினார்கள், விலை இன்னும் கட்டறுத்துக்கொண்டது. 1986இல் பணவீக்கம் 700 சதவீதத்தைத் தாண்டியது.

இந்தக் காலத்தில்தான் அவர் மாறினார். பொருளாதாரம் தெரிந்தவர்களைக் கூட்டி ஒரு குழு அமைத்துக்கொண்டார். மாகாணங்களுக்கு நேரில் போனார். 1983 ஜூலையில் தலாத் நகரில் அவர் இருந்தபோது, ஹோ சி மின் நகரக் கட்சிச் செயலாளர் நுயென் வான் லின் அந்த நகரத்து ஆலை நிர்வாகிகளை அழைத்து வந்து அவர் முன் உட்கார வைத்தார். மேலிருந்து வரும் திட்டத்தை அப்படியே பின்பற்றினால் ஆலை ஏன் நின்றுவிடுகிறது, விதியை மீறினால்தான் ஏன் ஓடுகிறது என்று அவர்கள் விளக்கினார்கள். அவர் கேட்டார். பிறகு ஆலைகளுக்கே போய்ப் பார்த்தார். வின் ஃபுக்கில் கண்ணை மூடிக்கொண்ட அதே மனிதர்.

1986 ஜூலை 10 அன்று கட்சியின் பொதுச் செயலாளர் லே சுவான் இறந்தார். நான்கு நாட்களில் ட்ரூங் சின் பொதுச் செயலாளர். டிசம்பர் மாநாட்டுக்கான அரசியல் அறிக்கையின் வரைவு ஏற்கெனவே தயாராக இருந்தது. பழைய பாதையையே கொஞ்சம் செப்பனிட்டுத் தொடரும் வரைவு அது. அதை ஏற்காமல் திரும்ப எழுத வைத்தார். அப்போது அவருக்கு வயது 79. உண்மையை நேராகப் பார்ப்போம், சரியாக மதிப்பிடுவோம், தெளிவாகச் சொல்வோம் என்ற வரி அந்த ஆறாவது மாநாட்டு அறிக்கையில் இருக்கிறது. நாட்டின் இடர்ப்பாடுகளுக்குத் தலைமையின் தவறுகளே காரணம் என்று ஒளிக்காமல் ஒப்புக்கொண்டது அந்த அறிக்கை. தனியார் தொழிலுக்கும் சந்தைக்கும் வழி திறந்தது. மாநாட்டில் அவரும் பிரதமர் பாம் வான் டாங்கும் மூத்த தலைவர் லே டுக் தோவும் ஒதுங்கிக்கொண்டார்கள், நுயென் வான் லின் பொதுச் செயலாளர் ஆனார். 1988 ஏப்ரலில் விவசாயக் குடும்பத்துக்கே நிலத்தைப் பயன்படுத்தும் உரிமை கொடுத்த பத்தாவது தீர்மானம் வந்தது. அதே ஆண்டு செப்டம்பர் 30 அன்று ட்ரூங் சின் இறந்தார். அடுத்த ஆண்டே, அரிசிக்கு வெளிநாட்டைப் பார்த்துக்கொண்டிருந்த நாடு சுமார் 14 லட்சம் டன் அரிசியை ஏற்றுமதி செய்தது.

இதைச் சொன்னால் எதிரிக்கு நாமே ஆயுதம் கொடுத்த மாதிரி ஆகாதா என்று சில தோழர்கள் கவலைப்படுவது தெரியும். அந்த ஆயுதம் ஏற்கெனவே அவர்கள் கையில்தான் இருக்கிறது. இன்றைக்கு வகுப்புக்கு வரும் பிள்ளைகள் நிலச்சீர்திருத்தக் கொலைகளைப் பற்றிக் கைபேசியில் படித்துவிட்டுத்தான் வருகிறார்கள், பெரும்பாலும் மிகைப்படுத்திய எண்களோடு. நாம் வாயை மூடிக்கொண்டால் அந்த எண்களே நிலைத்துவிடும். வியட்நாமிலேயே இதைப் பேசுவது இன்னும் எளிதாக இல்லை. 2014இல் ஹனோயின் தேசிய வரலாற்று அருங்காட்சியகத்தில் நிலச்சீர்திருத்தம் பற்றிக் கண்காட்சி திறந்தார்கள், சில நாட்களிலேயே மூடிவிட்டார்கள். அங்கே ஆளும் கட்சிக்கு அதற்கான காரணங்கள் இருக்கலாம். இங்கே நமக்கு என்ன தடை?

நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. வியட்நாம் வகுப்பை 1975இல் முடிக்காதீர்கள். ஒரு அமர்வை 1953–56க்கு ஒதுக்குங்கள், அதில் நுயென் தி நாமின் பெயர் வரட்டும். இன்னொரு அமர்வு வின் ஃபுக்குக்கும் கிம் ங்கொக்குக்கும். மூன்றாவது 1986க்கு. பதிப்பாளர்களிடம் ஒரு வேண்டுகோள்: ஆறாவது மாநாட்டு அரசியல் அறிக்கையை முழுதாக, மலிவு விலையில், நல்ல முன்னுரையோடு தமிழில் கொண்டுவாருங்கள். மெய்ப்புப் பார்க்கவோ தட்டச்சு செய்யவோ ஆள் குறைந்தால் சொல்லியனுப்புங்கள், வந்து உட்கார நான் தயார்.

தோழமையுடன்,
உங்கள் வகுப்புகளின் பழைய மாணவர் ஒருவர்