நாசர் ஹுசைனைப் பற்றி, உன் மகளுக்கும் சேர்த்து

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் போன வாரம் கிடைத்தது. தங்கச்சிக்கு முட்டிவலி குறைந்து பழையபடி நடக்க ஆரம்பித்துவிட்டதாக எழுதியிருந்தாய். படித்ததும் வீட்டில் எல்லோருக்கும் நிம்மதி. இங்கே அனைவரும் சுகம். அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது, இன்னும் சொட்டு மருந்து போட்டுக்கொண்டிருக்கிறோம். திருவல்லிக்கேணி வீட்டை விற்பதா வேண்டாமா என்ற பேச்சு மறுபடி கிளம்பியிருக்கிறது. அது பெரிய கதை, தனியாக எழுதுகிறேன்.

உன் மகள் விஷயம்தான் மனதில் ஓடிக்கொண்டே இருக்கிறது. ஒலிபரப்புப் படிப்பை முடித்துவிட்டுக் கிரிக்கெட் வர்ணனைக்குப் போக ஆசைப்படுகிறாள். நேர்காணலுக்குப் போன இடத்தில் அவள் பெயரைப் பார்த்ததும், ஆசிய நேயர்களுக்கான நிகழ்ச்சி ஒன்று இருக்கிறது, அதற்குப் பொருத்தமாக இருப்பாய் என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். அப்பா தமிழர், அம்மா ஆங்கிலேயர், பிறந்து வளர்ந்தது இல்ஃபோர்டில். இவளை எந்தக் கணக்கில் சேர்ப்பது என்று அவர்களுக்குப் புரியவில்லை போலிருக்கிறது. இந்தத் தொழில் இவளுக்குச் சரிப்படுமா என்று என்னைக் கேட்கிறாய். இங்கிலாந்து அணிக்குத் தலைவராக இருந்து, பிறகு வர்ணனையாளரான நாசர் ஹுசைன் கிரிக்கெட் கற்ற ஊரிலேயே இருந்துகொண்டு இந்தக் கேள்வியைக் கேட்கலாமா?

நாசர் பிறந்தது 1968 மார்ச் 28, நம் மெட்ராஸில். அப்பா ஜவாத், மெட்ராஸ் அணிக்கு ரஞ்சி ஆடியவர். அம்மா ஷிரீன், ஆங்கிலேயர். குடும்பம் 1975இல் இங்கிலாந்துக்குப் போனது. இல்ஃபோர்டில் உள்ளரங்கக் கிரிக்கெட் பள்ளியை அப்பா எடுத்து நடத்தினார். ஆண்பிள்ளைகள் மூவரும் அந்த வலைகளுக்குள்ளேயே வளர்ந்தார்கள். நாசர் அப்போது லெக் ஸ்பின் போடுகிற பையன். எட்டு வயதிலேயே எசெக்ஸின் பதினொரு வயதுக்குட்பட்டோர் அணியில் ஆடினான். அப்புறம் மளமளவென்று உயரம் கூடியது. பந்தை எங்கே விடுவது என்ற கணக்கு கையைவிட்டுப் போய்விட்டது. பந்து கூரையில் இடிக்கும், இல்லாவிட்டால் இரண்டு முறை குத்திப் போகும். அந்த வயதில் ஒரு பையனுக்கு இது எவ்வளவு பெரிய இடி என்று யோசித்துப் பார். அப்பா கண்டிப்பானவர், விடவில்லை. பையன் பேட்டைப் பிடித்து, முதலிலிருந்து தொடங்கி மேலே வந்தான்.

இதை ஏன் இவ்வளவு விவரமாக எழுதுகிறேன் என்றால், இன்று அவர் ஒரு சுழற்பந்து வீச்சாளரின் மணிக்கட்டைப் பற்றிப் பேசும்போது அந்தப் பையன்தான் பேசுகிறான் என்று எனக்குத் தோன்றும். தானாக வந்தது ஒருநாள் கைவிட்டுப் போனால் எப்படியிருக்கும் என்று அவருக்குத் தெரியும். எல்லாம் சுலபமாகக் கைகூடியவர்கள் பலர் மைக் முன்னால் உட்கார்ந்து, 'அடிக்க வேண்டியதுதானே' என்பதோடு நிறுத்திவிடுகிறார்கள். இவர் அப்படி நிறுத்துவதில்லை. அந்தப் பையனால் ஏன் அடிக்க முடியவில்லை என்று காலிலிருந்து தோள்வரை பிரித்துச் சொல்கிறார்.

ஆட்டக்காரராக 96 டெஸ்ட், 14 சதம், அதிகபட்சம் 1997இல் ஆஸ்திரேலியாவுக்கு எதிராக எட்ஜ்பாஸ்டனில் எடுத்த 207. டெஸ்டில் அவருடைய முதல் சதமும் அதே எட்ஜ்பாஸ்டனில்தான், 1996இல் நம் இந்தியாவுக்கு எதிராக. ஆரம்பத்திலேயே ஸ்ரீநாத் பந்தில் கையுறையில் பட்டுக் கீப்பரிடம் போனதற்கு நடுவர் கைதூக்கவில்லை. டீக்கடை டிவி முன்னால் நின்று நாம் எப்படிக் கொதித்தோம், ஞாபகம் இருக்கிறதா? தப்பித்து 128 அடித்துவிட்டார். ஆனால் பிறந்த ஊரான சென்னையில் அவர் ஒரு டெஸ்ட் கூட ஆடவில்லை. தலைவராக அணியை அழைத்து வந்த 2001 தொடர் மொகாலி, அகமதாபாத், பெங்களூர் என்றே முடிந்துவிட்டது. அது எனக்கு இன்றுவரை ஒரு குறை.

தலைமையேற்றது 1999இல். அந்தக் கோடையிலேயே நியூசிலாந்திடம் தொடரைத் தோற்று, ஓவல் பால்கனியில் சொந்த ரசிகர்களின் கூச்சலுக்கு முன்னால் நின்றார். அங்கிருந்து பயிற்சியாளர் டங்கன் பிளெட்சரோடு சேர்ந்து அணியைத் தூக்கி நிறுத்தினார். கராச்சியில் பந்து தெரியாத இருட்டில் ஜெயித்தார்கள், அடுத்து இலங்கையிலும் தொடரை வென்றார்கள். பெங்களூரில் டெண்டுல்கருக்கு எதிராக ஆஷ்லி ஜைல்ஸை லெக் ஸ்டம்புக்கு வெளியே போட வைத்தது உனக்கு மறந்திருக்காது. டெண்டுல்கர் பொறுமையிழந்து இறங்கி வந்து 90இல் ஸ்டம்பிங் ஆனார். தன் டெஸ்ட் வாழ்க்கையில் அவர் அப்படி ஆட்டமிழந்தது அந்த ஒரே முறைதான். அன்று இதெல்லாம் ஒரு ஆட்டமா என்று நான் திட்டினேன். ஆனால் எதிரியை அவ்வளவு நுணுக்கமாகப் படிக்கிற மனம்தான் பின்னால் வர்ணனையாளரின் மனமாக ஆனது.

இனிமேல் சொல்லப்போவதுதான் உன் மகள் கவனிக்க வேண்டியது. 2002 ஜூலை 13, லார்ட்ஸில் இந்தியாவும் இங்கிலாந்தும் மோதிய நாட்வெஸ்ட் ஒருநாள் தொடரின் இறுதி. நமக்கு அது கைஃப், யுவராஜ், சட்டையைக் கழற்றிச் சுழற்றிய கங்குலி. காலையில் நடந்ததை நாம் மறந்துவிடுகிறோம். நாசர் அன்று 115 அடித்தார். ஒருநாள் ஆட்டங்களில் அவருடைய ஒரே சதம் அது. சதத்தைத் தொட்டதும் மீடியா பெட்டியைப் பார்த்து மூன்று விரலைக் காட்டினார், பிறகு சட்டைக்குப் பின்னால் இருந்த 3 என்ற எண்ணைக் காட்டினார். மூன்றாவதாக இறங்க இவருக்குத் தகுதியில்லை என்று சொல்லிக்கொண்டிருந்த பாப் வில்லிஸ், இயன் போத்தம் போன்ற முன்னாள் வீரர்களான வர்ணனையாளர்களுக்கான பதில் அது.

சரி, அப்புறம் என்ன ஆனது? 2003 உலகக் கோப்பையில் ஜிம்பாப்வே போவதா வேண்டாமா என்ற இழுபறி அவரைப் பிழிந்து எடுத்தது. ஹராரே போகாமல் புள்ளிகளை இழந்து, முதல் சுற்றிலேயே வெளியேறினார்கள். தலைமையை விட்டார். 2004 மே மாதம் லார்ட்ஸில் அறிமுக ஆட்டத்திலேயே இரண்டாவது சதத்தை நெருங்கிக்கொண்டிருந்த ஸ்ட்ராஸை 83இல் ரன் அவுட் ஆக்கிவிட்டு, அந்தக் குற்ற உணர்வோடே தானும் சதம் அடித்து ஆட்டத்தை ஜெயித்துக் கொடுத்தார். சில நாட்களில் ஓய்வை அறிவித்தார். நேரே போய் உட்கார்ந்த இடம் ஸ்கை ஸ்போர்ட்ஸ் வர்ணனைப் பெட்டி. பக்கத்து நாற்காலிகளில் அதே வில்லிஸ், அதே போத்தம்!

இதை நினைக்கும்போதெல்லாம் அவர் மேல் மரியாதை கூடுகிறது. வர்ணனைப் பெட்டியிலிருந்து வரும் ஒரு வார்த்தை களத்தில் நிற்பவனை எப்படிக் குத்தும் என்று வாங்கித் தெரிந்துகொண்டவர் அவர். அதற்காக அவர் வழவழவென்று பேசுவதில்லை, விமர்சிக்கத் தயங்குவதும் இல்லை. ஆனால் காரணம் சொல்லாமல் ஒருவரைக் குறைசொல்லி நான் கேட்டது அபூர்வம். சொந்தத் தவறையும் மறைப்பதில்லை. 2002 பிரிஸ்பேனில் டாஸ் ஜெயித்து ஆஸ்திரேலியாவை ஆடச் சொன்னார். முதல் நாள் முடிவில் அவர்கள் 2 விக்கெட்டுக்கு 364. இன்றும் டாஸ் பற்றிப் பேச்சு வந்தால் அவரே அதை எடுத்துப் போடுவார்.

ஒரே ஒரு இடத்தைக் கூர்ந்து கேட்கச் சொல்வதென்றால், 2023 நவம்பர் 15, மும்பையில் நடந்த உலகக் கோப்பை அரையிறுதியைச் சொல்வேன். நியூசிலாந்துக்கு எதிராக இந்தியா 397. கோலிக்கு ஐம்பதாவது சதம், ஷ்ரேயஸுக்கும் சதம், ஷமிக்கு ஏழு விக்கெட். ஊரே அந்த மூன்று பெயர்களைத்தான் பாடியது. ஸ்கோர் அட்டையில் ரோகித் 47, அவ்வளவுதான். நாசர் மட்டும், நாளைய தலைப்புகள் மற்றவர்களைப் பற்றி இருக்கும், ஆனால் இந்த அணியின் குணத்தை மாற்றியவர் ரோகித், உண்மையான நாயகன் அவர்தான் என்றார். அதோடு விடாமல், 2022 டி20 உலகக் கோப்பையின் அடிலெய்டு அரையிறுதியில் இந்தியா பயந்து பயந்து ஆடி 168 எடுத்து, இங்கிலாந்திடம் பத்து விக்கெட்டில் தோற்றதை எடுத்து வைத்தார். அந்தத் தோல்விக்குப் பிறகு நாம் மாற வேண்டும் என்று தினேஷ் கார்த்திக்கிடம் ரோகித் சொன்னதையும் சேர்த்துச் சொன்னார். 29 பந்தில் அடித்த 47க்குள் ஒரு தலைவனின் ஓராண்டு உழைப்பு இருக்கிறது என்பதை, தலைவனாக அடிவாங்கிய ஒருவரால்தான் அவ்வளவு சீக்கிரம் பார்க்க முடியும்.

இனி உன் கேள்வியின் மறுபாதி, அந்தக் 'கலப்பு' விவகாரம். அதில் அவரை முழுக்கப் புகழ எனக்கு மனமில்லை. 2001இல், இங்கிலாந்தில் பிறந்து வளர்ந்த ஆசியப் பிள்ளைகள் ஏன் இங்கிலாந்தை ஆதரிப்பதில்லை என்று புரியவில்லை என்றார். நீ அப்போது எழுதிய கடிதத்தில் அனல் பறந்தது. உன் கோபம் நியாயமானது என்றே இன்றும் நினைக்கிறேன். தெருவில் பெயர் சொல்லிச் சீண்டப்படும் பையன் எந்தக் கொடியைப் பிடிக்கிறான் என்பது அவன் மட்டும் முடிவு செய்வது இல்லை. 2011இல் நம் பீல்டர்களில் ஓரிருவரைக் கழுதைகள் என்றதும் எனக்குக் கசந்தது.

ஆனால் மனிதர் நின்ற இடத்திலேயே நின்றுவிடவில்லை. 2020 ஜூலையில் சவுத்தாம்ப்டனில் மழை பெய்துகொண்டிருக்க, மேற்கிந்தியத் தீவுகளின் பழைய வேகப்பந்து வீச்சாளர் மைக்கேல் ஹோல்டிங் நிறவெறியைப் பற்றி நேரலையில் மனம் திறந்து பேசினார் அல்லவா? அந்த ஒளிபரப்பில் நாசரும் இருந்தார். கறுப்பர் ஒருவர் கொல்லப்படும் காட்சியைச் செய்தியில் பார்த்தபோது தன் முகம் தானாகத் திரும்பியதையும், இவ்வளவு காலம் திருப்பிக்கொண்டது போதும் என்று அடுத்த முறை வலுக்கட்டாயமாகப் பார்த்ததையும் சொன்னார். அத்தனை பேர் பார்க்கும்போது இதைச் சொல்ல நெஞ்சுரம் வேண்டும்.

2021இல் நடந்ததும் எனக்குப் பிடிக்கும். கோலியின் அணியை முந்தைய இந்திய அணிகளைப் போல யாரும் மிரட்ட முடியாது என்று பத்திரிகையில் எழுதியிருந்தார். லீட்ஸ் டெஸ்டுக்கு முன்னால் கவாஸ்கர் நேரலையிலேயே பிடித்துக்கொண்டார். எந்தத் தலைமுறையை மிரட்டினார்கள், 1971இல் ஜெயித்தோமே, 1986இல் ஜெயித்தோமே என்று கேட்டார். நாசர் தன் தரப்பைச் சொன்னார், குரல் உயரவில்லை, கேலி செய்யவில்லை. அந்த விவாதத்தில் என் ஓட்டு கவாஸ்கருக்குத்தான். ஆனால் தன்னைவிட மூத்தவர் கோபமாக இருக்கும்போது எப்படி முகம் கொடுத்துப் பேசுவது என்று கற்றுக்கொள்ள அதைப் பார்க்கலாம்.

அதே ஆண்டு ஜூனில் சவுத்தாம்ப்டனில் நடந்த உலக டெஸ்ட் சாம்பியன்ஷிப் இறுதியில் நம் தினேஷ் கார்த்திக்கும் வர்ணனைப் பெட்டிக்கு வந்திருந்தார். மெட்ராஸில் பிறந்த இரண்டு பேர் ஒரே மைக் மேஜையில்! ரோகித் எவ்வளவு துணிச்சலாக ஆடுகிறார் என்று நாசர் வியக்க, ஆமாம், நீங்கள் ஆடியதற்கு நேர்மாறாக என்று கார்த்திக் போட்டார் ஒரு போடு. நாசர் விழுந்து விழுந்து சிரித்தார். டிரான்சிஸ்டரில் அப்துல் ஜப்பாரின் தமிழ் வர்ணனையைக் கேட்டு வளர்ந்த நமக்கு, நம் ஊர்க் குறும்பு ஸ்கை அலைவரிசையில் ஒலிப்பதைக் கேட்க எவ்வளவு சந்தோஷம்!

ஆகவே, உன் மகள் தாராளமாக இந்தத் தொழிலுக்குப் போகட்டும். ஆசிய நேயர் நிகழ்ச்சி கிடைத்தாலும் தட்டிக்கழிக்க வேண்டாம், மைக் பழக்கம் எங்கே கிடைத்தாலும் நல்லது. ஆனால் அதிலேயே தங்கிவிடக் கூடாது. எசெக்ஸ் மாவட்ட ஆட்டம், பெண்கள் ஆட்டம், பள்ளி ஆட்டம் என்று எது நடந்தாலும் போய் உட்காரட்டும். ஒவ்வொரு விக்கெட்டுக்கும் ஏன் என்று எழுதிப் பழகட்டும். நாசர் பேசும்போது அவர் மெட்ராஸா, எசெக்ஸா என்று யாரும் கேட்பதில்லை. அடுத்த பந்தைப் பற்றி என்ன சொல்லப்போகிறார் என்றுதான் காது கொடுக்கிறார்கள். 2019இல் ஹெடிங்லியில் ஸ்டோக்ஸ் கடைசி விக்கெட்டோடு 359ஐத் துரத்திப் பிடித்தபோது மைக்கில் இருந்தவரும் அவர்தான். அந்தக் கடைசி ஓவரை அவள் கேட்கட்டும். முந்தைய ஒரு மணி நேரத்தையும் சேர்த்துக் கேட்டால்தான் அந்த உச்சத்தின் பலம் புரியும். அவரும், இன்னொரு முன்னாள் இங்கிலாந்துத் தலைவரான மைக் ஆத்தர்டனும் சேர்ந்து பேசும் பாட்காஸ்டையும் விடாமல் கேட்கச் சொல். இருவரும் ஐந்தே நாள் இடைவெளியில் பிறந்தவர்கள், பள்ளிப் பருவத்திலிருந்து சேர்ந்து ஆடியவர்கள். பழைய நண்பர்கள் ஒருவரையொருவர் மறுத்துப் பேசும் அழகு அதில் இருக்கிறது.

அவள் பேசிப் பதிவுசெய்த வர்ணனை ஏதாவது இருந்தால் வாட்ஸ்அப்பில் அனுப்பச் சொல். கேட்டுவிட்டு, எங்கே இடறுகிறது என்று உள்ளதை உள்ளபடி எழுதுகிறேன். தங்கச்சியை நான் விசாரித்ததாகச் சொல். டிசம்பரில் வருவதாக இருந்தால் டிக்கெட் போடுவதற்கு முன் ஒரு போன் செய். அதற்குள் வீட்டு விவகாரம் ஒரு முடிவுக்கு வந்தால் எந்த விலாசத்துக்கு வருவது என்று சொல்கிறேன்.

அன்புடன்,
உன் திருவல்லிக்கேணி நண்பன்