மூன்றாம் நம்பர் டிவியில் மட்டும் கார்டு வராது

மதுரையில் கால்பந்து வீடியோ கேம் (நம் ஊர்ப் பேச்சில் ஃபிஃபா) போட்டி நடத்தும் பார்லர் அண்ணன்களுக்கும், கல்லூரி விழாக்களில் அதையே நடத்தும் தம்பி தங்கைகளுக்கும்,

வணக்கம். போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, காளவாசல் பக்கம் ஒரு மாடியில் நடந்த போட்டியில் நானும் ஆடினேன். எந்தக் கடை என்று சொல்லப்போவதில்லை. சொன்னால் நாளைக்கு அந்தப் பக்கம் டீ குடிக்கக்கூடப் போக முடியாது. அங்கே நடந்தது, இந்த ஊரில் நான் ஆடிய இடங்களில் எல்லாம் கூடக்குறைய நடந்ததுதான்.

32 பேர், 4 டிவி, ஆளுக்கு 200 ரூபாய். எப்படியோ அரையிறுதி வரை வந்துவிட்டேன். 1-1. திரையில் 88-வது நிமிடம். நடுக்கோட்டில் பந்தைப் பறித்து ஒரே ஒரு பாஸ். என் ஆள் தனியாக ஓடுகிறான், எதிரே கோல்கீப்பர் மட்டும். பின்னாலிருந்து எதிராளியின் சென்டர் பேக் (கோலுக்கு முன்னால் நிற்கும் தடுப்பாளன்), கன்ட்ரோலரின் சதுர பட்டன் புண்ணியத்தில், சறுக்கிக்கொண்டு வந்து என் ஆளின் இரண்டு காலையும் வாரிவிட்டான். பெனால்டி பெட்டிக்கு ஒரு முழம் வெளியே. சிவப்பு கார்டு, அவன் மைதானத்தை விட்டு வெளியே. எனக்குக் கிடைத்த ஃப்ரீ கிக், எதிர் வீரர்கள் வரிசையாக நின்ற சுவரில் பட்டுத் திரும்பியது. அப்புறம் பெனால்டி ஷூட் அவுட்டில் தோற்றேன்.

அந்தத் தம்பி மேல் எனக்குக் கோபமே இல்லை. அவன் இடத்தில் நான் இருந்தாலும் வாரியிருப்பேன். வயிறு எரிந்தது அரை மணி நேரம் கழித்துத்தான். இறுதிப் போட்டி ஆரம்பிக்கிறது. வீரர்கள் வரிசையாக மைதானத்துக்குள் வருகிறார்கள். நாலாவது ஆளாக அதே சென்டர் பேக், ஒன்றுமே நடக்காத மாதிரி நடந்து வருகிறான். போட்டி நடத்தியவரிடம் போய்க் கேட்டேன். "அது அந்த மேட்ச்சோட போச்சுண்ணே, கேமே அப்படித்தான்" என்றார்.

அவர் பொய் சொல்லவில்லை. நீங்கள் எல்லோரும் போட்டியை 'கிக் ஆஃப்' முறையில்தான் நடத்துகிறீர்கள். இரண்டு டீமைத் தேர்ந்தெடு, ஆடு, முடிந்ததும் வெளியே வா. அதில் ஒவ்வொரு ஆட்டமும் புதுக்கணக்கு. அதே கேமில், ஒரு டீமை சீசன் முழுக்க நடத்தும் 'கேரியர் மோட்' ஆடிப் பாருங்கள். சிவப்பு கார்டு வாங்கியவனை அடுத்த ஆட்டத்தில் இறக்க விடாது. தண்டனையை அடுத்த ஆட்டத்துக்குக் கொண்டுபோக கேமுக்குத் தெரியும், கிக் ஆஃபில் அதற்கு வேலை இல்லை, அவ்வளவுதான். நாக் அவுட் போட்டி என்று போர்டு வைத்து, ஃபிரண்ட்லி மேட்ச்களை வரிசையாக நடத்தினால், ஆட்டத்துக்கு ஆட்டம் ஞாபகம் வைத்திருக்கிற வேலை உங்கள் தலையில் விழுகிறது.

இது சின்ன விஷயமாகத் தோன்றலாம். 2002 உலகக் கோப்பை அரையிறுதியை நினைத்துப் பாருங்கள். ஜெர்மனியும் தென் கொரியாவும். பாய்ந்து வந்த கொரிய வீரனை மிகாயேல் பல்லாக் தடுத்து விழ வைத்தார், மஞ்சள் கார்டு வாங்கினார். முந்தைய ஆட்டம் ஒன்றில் ஏற்கெனவே ஒரு மஞ்சள் இருந்ததால், ஜெர்மனி இறுதிப் போட்டிக்குப் போனாலும் தான் ஆட முடியாது என்று அந்த நொடியே அவருக்குத் தெரியும். சில நிமிடங்களில் அவரே கோலும் அடித்து டீமை இறுதிக்கு அனுப்பினார். பிரேசிலிடம் 2-0 என்று தோற்ற அந்த இறுதிப் போட்டியில் அவர் இல்லை. 2010 உலகக் கோப்பையில் கானாவுக்கு எதிராகக் கோல் கோட்டில் நின்று கையால் பந்தைத் தடுத்துச் சிவப்பு வாங்கிய உருகுவே வீரர் சுவாரெஸும் அப்படித்தான். கானாவின் அசமோவா கியான் பெனால்டியை மேல் கம்பத்தில் அடித்தார், உருகுவே தப்பியது. ஆனால் அரையிறுதியில் சுவாரெஸ் இல்லாமல் நெதர்லாந்திடம் 3-2 என்று தோற்றது. இரண்டு பேரும் செய்தது ஃபவுல்தான். தெரிந்தே செய்தார்கள், தெரிந்தே விலையும் கொடுத்தார்கள். நம்ம சென்டர் பேக்குக்கு விலை என்ன? 2 நிமிடம் பத்து பேரோடு ஆடியது. எக்ஸ்ட்ரா டைமும் நீங்கள் வைப்பதில்லை, நேராகப் பெனால்டிக்குப் போய்விடுகிறீர்கள். அதனால் பத்து பேரோடு ஆடும் கஷ்டம்கூட அவனுக்கு அதற்கு மேல் இல்லை.

கொஞ்ச நாளாக இதையே யோசித்துக்கொண்டிருக்கிறேன். நிஜ மைதானத்தில் மஞ்சள் கார்டு வாங்கியவன் யார்? காலைப் போட்டவனேதான். இன்னொரு மஞ்சள் விழுந்தால் அதுவே சிவப்பு, அதனால் அதற்கப்புறம் அவன் டேக்கிளுக்கு (பந்தைக் காலால் பறிக்க) போகுமுன் இரண்டு தடவை யோசிப்பான். திரையில் ஒரே ஆள் பதினொரு உடம்பை ஆட்டி வைக்கிறான். கார்டு ஒரு உடம்பின் பேரில் விழுகிறது, முடிவெடுத்த கட்டைவிரலோ சோபாவில் இருக்கிறது. லெஃப்ட் பேக்குக்கு மஞ்சள் விழுந்தால் அடுத்த ஃபவுலுக்கு மிட்ஃபீல்டரைக் கொண்டுவருவான். அவனுக்கும் விழுந்தால் இன்னொருவன். பாதிக்கு 4 நிமிடம் ஓடுகிற ஆட்டத்தில் ஒரே வீரனுக்கு இரண்டாவது மஞ்சள் விழுவதை நான் எண்ணி மூன்று தடவைதான் பார்த்திருக்கிறேன். நாலு பேருக்கு ஆளுக்கொரு மஞ்சள் என்று பங்குபோட்டு வாங்கிக்கொண்டு, சிரித்துக்கொண்டே ஜெயிக்கிறார்கள்.

(ஒரு காலத்தில் இதைவிடக் கூத்து இருந்தது. 1993-இல் வந்த முதல் ஃபிஃபா கேமில், கார்டு காட்ட நடுவர் வருவார். நம் ஆளை ஓட்டிக்கொண்டே இருந்தால் அவர் பின்னாலேயே ஓடி வருவார். அதைப் பார்த்தே ஒரு தலைமுறை சிரித்துக் கழித்தது. கேம் பேர் 2023-இல் எஃப்.சி. என்று மாறிவிட்டது. நம் ஊரில் இன்னும் ஃபிஃபாதான்.)

சரி, மூன்றாம் நம்பர் டிவிக்கு வருகிறேன். கால் இறுதி அதில்தான் நடந்தது. முதல் ஐந்து நிமிடத்திலேயே நான் ஒருவனைப் பின்னாலிருந்து தெரியாமல் வாரிவிட்டேன். கண்டிப்பாக மஞ்சள். விசில் அடித்தது, ஃப்ரீ கிக் கொடுத்தது, கார்டைக் காணோம். எதிராளி என்னைப் பார்த்தான், நான் அவனைப் பார்த்தேன். அதற்கப்புறம் அந்த ஆட்டம் கால்பந்தாக இல்லை, விறகு வெட்டுகிற மாதிரி இருந்தது. இரண்டு பேரும் மாறி மாறி ஏழெட்டு ஸ்லைடு. ஒரு கார்டு இல்லை. பிறகு செட்டிங்கைத் திறந்து பார்த்தால், 'புக்கிங்' என்ற இடத்தில் 'ஆஃப்'. முந்தின நாள் யாரோ சின்னப் பசங்க ஜாலிக்கு அணைத்து வைத்தது. மற்ற மூன்று டிவியிலும் 'ஆன்'. அதாவது, எந்த டிவியில் உட்காருகிறோம் என்பதை வைத்து ஆட்டத்தின் சட்டமே மாறியது.

செட்டிங்கில் நம் வேலைக்கு வேண்டியது நாலைந்து வரிதான். புக்கிங் அணைந்திருந்தால் ஃபவுல் இருக்கும், கார்டு மட்டும் இருக்காது. ஆஃப்சைடு, காயம் இரண்டும் தனித்தனி. ஹேண்ட்பாலுக்கு மூன்று நிலை: இல்லை, உண்டு, பெனால்டி தவிர உண்டு. பாதிக்கு எத்தனை நிமிடம் என்பது 4-லிருந்து 20 வரை. ஹேண்ட்பாலை அணைத்தே வையுங்கள் என்பதுதான் என் கட்சி. கையை மடக்கு என்று வீரனுக்குச் சொல்ல நம்மிடம் பட்டன் இல்லை, பந்து போய் முழங்கையில் பட்டதற்குப் பெனால்டி கொடுப்பது அநியாயம். மாற்றுக் கருத்து இருந்தால் அதுவும் சரிதான். ஆனால் எதுவாக இருந்தாலும் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். அவனியாபுரத்தில் வாடிவாசல் திறக்குமுன் மைக்கில் சொல்லிவிடுகிறார்கள், திமிலை மட்டும் பிடி, வாலைப் பிடிக்காதே, கொம்பைப் பிடிக்காதே என்று. மாடு வந்த பிறகு சட்டம் படித்தால் எப்படி? 200 ரூபாய் வாங்குமுன் ஒரு வெள்ளைத் தாளில் எழுதி ஒட்டினால் போதும்.

டிவியைப் பற்றியும் ஒரு விஷயம் இருக்கிறது. இதை யாரும் கண்டுகொள்வதே இல்லை. நான் எதிராளியின் காலில் பந்தைப் பார்க்கிறேன், வட்ட பட்டனைத் தட்டுகிறேன், என் ஆள் காலை நீட்டுகிறான். பந்து முதலில் பட்டால் சுத்தமான டேக்கிள். கால் முதலில் பட்டால் ஃபவுல். எந்தப் பக்கத்திலிருந்து வந்தான், என்ன வேகம், பின்னால் வேறு தடுப்பாளன் இருக்கிறானா என்பதை வைத்து மஞ்சளா சிவப்பா என்று முடிவாகிறது. ஆக, எல்லாம் ஒரு நொடியின் சின்னத் துண்டில் இருக்கிறது. இப்போது டிவி படத்தை அழகாக்குகிறேன் என்று கொஞ்சம் தாமதமாகக் காட்டினால்? தாமதத்தைக் குறைக்கிற 'கேம் மோட்' போடாத டிவியில் பத்தில் ஒரு பங்கு நொடி வரை தாமதம் சாதாரணமாக வரும். முழு வேகத்தில் ஓடுகிறவன் நொடிக்கு எட்டு ஒன்பது மீட்டர் போவான். பத்தில் ஒரு பங்கில் முக்கால் மீட்டருக்கு மேல் போய்விட்டான். நான் பந்தைப் பார்த்துத் தட்டுகிறேன். அங்கே பந்து இல்லை, கணுக்கால்தான் இருக்கிறது. வீட்டில் கேமுக்கென்று வாங்கிய மானிட்டரில் பழகியவன் உங்கள் பெரிய டிவியில் வந்து கார்டாக வாங்குவது இதனால்தான். அவனை "காட்டுத்தனமா ஆடுறான்" என்று பின்னாலிருந்து கேலி வேறு செய்கிறோம்.

பெனால்டியிலும் இதே தொல்லை. ஃபிஃபா 23-இலிருந்து, பந்தைச் சுற்றி ஒரு வளையம் விரிந்து சுருங்கும். சுருங்கிய நேரத்தில் தட்டினால்தான் அடி நேராகப் போகும். வீரனின் நிதானத்தைப் பொறுத்து வளையத்தின் வேகம் மாறும். பழைய பதிப்பில் பழகியவர்கள் முதல் அடியிலேயே பந்தை வானத்துக்கு அனுப்புவதைப் பார்த்திருப்பீர்கள். டிவியும் தாமதமானால் அந்த வளையம் கண்கட்டு வித்தை. ஷூட் அவுட்டில் தோற்றதற்கு நான் சாக்குச் சொல்கிறேன் என்று நினைத்தால், ஆமாம், கொஞ்சம் சாக்குதான். ஆனாலும் நாலு டிவியிலும் கேம் மோடைப் போட்டுவிடுங்கள், ரிமோட்டில் ஒரு நிமிட வேலை.

இனி நான் கேட்பது. ஒரு நோட்டு. ஒவ்வொரு ஆட்டம் முடிந்ததும் புள்ளிவிவரத் திரை வருகிறது, அதில் எத்தனை கார்டு என்று இருக்கிறது. சிவப்பு யாருக்கு விழுந்தது என்பதை ஆடும்போதே பக்கத்தில் நிற்பவர் எழுதிக்கொள்ளலாம். அடுத்த ஆட்டத்துக்கு முன் 'டீம் மேனேஜ்மென்ட்' திறந்து, அந்த வீரனை வெளியே உட்கார வைத்துவிட்டு ஆரம்பியுங்கள். "நான் வேற டீம் எடுத்துக்குறேன்" என்று உடனே ஒருத்தன் சொல்வான், எனக்குத் தெரியும், நான்கூட சொல்லியிருப்பேன். அதனால் காலையில் எடுத்த டீம்தான் சாயங்காலம் வரை என்று முதலிலேயே முடிவு செய்துவிட வேண்டும்.

மஞ்சளை என்ன செய்வது என்று கேட்பீர்கள். அதைத் திரையில் உள்ள வீரன் பேரில் எழுத வேண்டாம், ஆடுகிற ஆள் பேரில் எழுதுங்கள். சில கல்லூரிகளில் முதலில் குரூப் வைத்து, பிறகு நாக் அவுட் நடத்துகிறீர்கள். குரூப்பில் இரண்டு பேர் எல்லாவற்றிலும் சமமாக வந்தால் இப்போது காசு சுண்டுகிறீர்கள். அதற்குப் பதில் நோட்டைப் பாருங்கள். யார் பேரில் மஞ்சள் குறைவோ அவர் மேலே. இது நான் கண்டுபிடித்தது இல்லை. 2018 உலகக் கோப்பையில் ஜப்பானும் செனகலும் புள்ளி, கோல் எல்லாவற்றிலும் சமம். நேருக்கு நேர் ஆடியதும் 2-2. ஜப்பான் 4 மஞ்சள், செனகல் 6. ஜப்பான் அடுத்த சுற்றுக்குப் போனது, செனகல் விமானம் ஏறியது.

இதெல்லாம் எதற்கு, ஜாலிக்கு ஆடுற விளையாட்டுதானே என்று ஒரு அண்ணன் சொன்னார். ஜாலிக்கு ஆடினால் கார்டையே அணைத்துவிட்டு ஆடுவோம் அண்ணே, நானும் வீட்டில் என் அக்கா பையனோடு அப்படித்தான் ஆடுகிறேன். ஐந்து பேருக்குச் சிவப்பு வாங்கி ஆட்டத்தையே நிறுத்துவதுதான் அவனுடைய லட்சியம். பணம் கட்டி, பேர் எழுதி, போர்டில் அம்புக்குறி போட்டு ஆடுகிற இடம் வேறு.

பொங்கல் லீவில் அடுத்த போட்டி என்று கேள்விப்பட்டேன். 40 பக்க நோட்டு ஒன்றும் சிவப்பு, மஞ்சள் பேனா இரண்டும் நானே வாங்கி வருகிறேன். மூன்றாம் நம்பர் டிவிக்குப் பக்கத்தில் எனக்கு ஒரு ஸ்டூல் மட்டும் போட்டு வையுங்கள்.

இப்படிக்கு,
அரையிறுதியில் தோற்ற ஒருவன்,
மதுரை