பூசி மறைக்கும் முன் தட்டிப் பாருங்கள்

ஆசிரியருக்கு,

தீப்பிடித்த வணிகக் கட்டடத்துக்குப் புதுப்பூச்சுப் பூசி மீண்டும் திறப்பது குறித்த செய்தியைப் படித்தேன். கரி படிந்த சுவர் பயமுறுத்தும். உண்மையான ஆபத்து தலைக்கு மேலுள்ள கான்கிரீட் தளத்தின் அடிப்பக்கத்தில் இருக்கிறது. ஏறக்குறைய 550 டிகிரி செல்சியஸில், கான்கிரீட்டுக்குள் இருக்கும் கம்பி பாதி வலுவை இழக்கும். குளிர்ந்ததும் அதில் பெரும்பகுதி கம்பிக்குத் திரும்பும், கான்கிரீட்டுக்குத் திரும்பாது. 300 டிகிரியைத் தாண்டிய கான்கிரீட் பெரும்பாலும் இளஞ்சிவப்பாகிவிடும். பூச்சு முதலில் மறைப்பது அந்தத் தடயத்தைத்தான்! உள்ளே சிக்கிய நீராவி, கம்பியை மூடிய கான்கிரீட் உறையான கவரையும் பெயர்த்துவிடும்.

இருமுனை தாங்கிய தளம் 2 மணி நேரம் தீயைத் தாங்க 35 மி.மீ. கவர் வேண்டும் என்கிறது இந்தியக் கான்கிரீட் தரவிதி ஐ.எஸ். 456. களத்தில், கம்பியைத் தூக்கி நிறுத்தும் கவர் பிளாக் கட்டை நழுவி, கான்கிரீட் வார்க்கும் ஷட்டரிங் பலகையிலேயே கம்பி கிடப்பது சகஜம்; அங்கே கவரே இருக்காது. எனவே சுத்தியலால் தட்டி ஒலி கேட்கும் சோதனை, கான்கிரீட்டில் துளைத்தெடுத்த உருளையைச் சோதிக்கும் கோர் சோதனை ஆகியவற்றின் முடிவுகளுடன் கட்டமைப்புப் பொறியாளர் சான்று தந்த பிறகே மின் இணைப்பை மீண்டும் வழங்கலாம்.