வாளே எடுக்காத வில்லி

அன்புள்ள முத்து,

கடிதம் கிடைத்தது. முழங்கால் வலி குறைந்ததில் நிம்மதி. இங்கே சின்னவளுக்கு வீட்டிலிருந்தே வேலை என்று ஆகிவிட்டது. பகலில் சத்தம் போடக்கூடாதாம். அதனால் நான் படம் பார்ப்பதெல்லாம் ராத்திரியில்தான்.

சாமுராய் படங்களில் பெண்களுக்கு அழுவதைத் தவிர என்ன வேலை என்று கேட்டிருந்தாய். ஜப்பானிய நடிகை இசுசு யமடாவைப் பார்த்திருந்தால் கேட்டிருக்க மாட்டாய். 1957-இல் வந்த இயக்குநர் குரோசாவாவின் ‘த்ரோன் ஆஃப் பிளட்’, ஷேக்ஸ்பியரின் மேக்பெத் கதைதான். அதில் தளபதியின் மனைவி அசாஜியாக வருகிறார். புருஷன் கூடத்தில் குறுக்கும் நெடுக்கும் நடந்து தவிக்கிறான். இவர் பாயில் அசையாமல் உட்கார்ந்து, குரலைக் கொஞ்சமும் உயர்த்தாமல், பிரபுவைக் கொல்லச் சொல்கிறார். ஜப்பானின் பழைய ‘நோ’ நாடக முகமூடி ஒன்றைக் காட்டி, முகம் இப்படி இருக்கட்டும் என்றாராம் குரோசாவா. காவலர்களுக்குக் கொடுக்கும் சாக்கே மதுவை எடுக்க இருட்டான வாசலுக்குள் நுழைந்து மறைகிறார். ஜாடியோடு அதே இருட்டிலிருந்து வெளியே வருகிறார். பட்டு அங்கி தரையில் உரசும் சரசரப்பு மட்டும் கேட்கிறது. எனக்கு முதுகு சில்லிட்டுவிட்டது. புருஷனாக வரும் மிஃபுனே போடும் கூச்சலெல்லாம் இதற்கு அப்புறம்தான்!

குரோசாவாவின் ‘யொஜிம்போ’வில் (1961) இதற்கு நேர் எதிர். விபசார விடுதி நடத்துகிறவனின் பெண்டாட்டி ஒரினாக யமடா வருகிறார். வாய் ஓயாது. கூலிக்குப் பிடித்த வாள்வீரனை வேலை முடிந்ததும் தீர்த்துக்கட்டிவிட்டால் பணம் மிச்சம் என்று மகனுக்குப் பாடம் நடத்துகிறாள். அந்த வாள்வீரனோ அதை ஒட்டுக்கேட்டுக்கொண்டிருக்கிறான். கொலையிலும் கணக்குப் பார்க்கும் குடும்பத்தலைவி! எனக்கு அசாஜியை விட இவளைத்தான் அதிகம் பிடிக்கிறது.

யமடா ஒசாகாவில் 1917-இல் பிறந்தவர். 1930-இல், பதின்மூன்று வயதில், நிக்காட்சு படநிறுவனத்தில் சேர்ந்து, டென்ஜிரோ ஓகோச்சி மாதிரி வாள்சண்டை நட்சத்திரங்களுக்கு ஜோடியானார். நாயகன் சண்டை போடும்போது பதறி நிற்கிற பாத்திரங்கள்தான் அந்தக் காலத்தில் கிடைக்கும். 1936-இல் இயக்குநர் மிசோகுச்சியின் இரண்டு சமகாலப் படங்களில் நடித்த பிறகுதான் இவரை ஒரு பெரிய நடிகையாகப் பார்த்தார்கள். சாமுராய் காலத்துக்கு அவர் திரும்பி வந்தபோது பதறுகிற வேலை ஆண்களுடையதாகிவிட்டது.

கடைசியில் ஆயுதமும் எடுத்தார், டிவியில். ‘எடோ’ என்கிற சாமுராய் காலத்துக் கூலிக்கொலைகாரர்களைப் பற்றிய ‘ஹிஸ்ஸாட்சு’ தொடர்களில், அறுபதை நெருங்கும் வயதில், சாமிசென் என்ற தந்தி வாத்தியத்தை மீட்டும் அகன்ற தகட்டையே கத்தியாக்கிக்கொண்டார். 2000-இல் ஜப்பான் அரசின் கலாசார விருது கிடைத்தது. அதைப் பெற்ற முதல் நடிகை இவர்தான். 2012-இல், 95 வயதில் காலமானார்.

நீ ‘யொஜிம்போ’விலிருந்து ஆரம்பி. உன் வீட்டம்மாவையும் கூட உட்கார வை. ஒரினைப் பற்றி அவர் என்ன சொன்னார் என்று மறக்காமல் எழுது.

அன்புடன்,
ராகவன்