மலருக்கு, புனேயிலிருந்து

அன்புள்ள மலர்,

உன் கடிதம் வந்தது. அண்ணனுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் நிம்மதி. இங்கே எல்லோரும் சுகம். பேத்தி இப்போது என்னோடு சண்டை போடுவதும் மராத்தியில்தான். பாதி புரியாததால் நான்தான் தோற்கிறேன்.

சரி, நீ கேட்டதற்கு வருகிறேன். பதினைந்து பிள்ளைகளை வைத்து நாடகம் போட வேண்டும், கையில் காசு இல்லை, செட் இல்லை. ஊர் விஷயத்தைச் சொல்ல வேண்டும், ஆனால் பிரசங்கம் மாதிரி இருக்கக்கூடாது என்கிறாய். இந்த ஊருக்கு வந்தபிறகு மராத்தி நாடக, சினிமா இயக்குநர் ஜப்பார் பட்டேலின் வேலைகளைத் தேடித் தேடிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். உனக்கு வேண்டியது அவரிடம் நிறைய இருக்கிறது.

மனிதர் பிறந்தது பண்டரிபுரத்தில், 1942இல். விட்டலனின் ஊரில் ஒரு முஸ்லிம் வீட்டுப் பிள்ளை. புனேயில் மருத்துவம் படித்து, குழந்தைகள் டாக்டராகி, தௌண்ட் என்ற ரயில்வே ஊரில் மனைவியோடு ஆஸ்பத்திரி நடத்தினார். நாடகத்தை நம்பிச் சாப்பிட வேண்டிய நிலைமை அவருக்கு இல்லை. யாருக்கும் பயப்படாமல் நாடகம் போட முடிந்ததற்கு அதுவும் ஒரு காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது.

முதலில் ‘காசிராம் கோத்வால்’ பற்றிச் சொல்கிறேன். விஜய் டெண்டுல்கர் எழுதிய நாடகம், ஜப்பார் பட்டேல் இயக்கி 1972 டிசம்பரில் புனேயில் மேடை ஏறியது. மராட்டியரின் பேஷ்வாக்கள் ஆண்ட காலத்துப் புனேயில், ஒரு வெளியூர்ப் பிராமணன் அவமானப்படுகிறான். பழிவாங்குவதற்காகத் தன் மகளையே பேஷ்வாவின் அமைச்சர் நானா பட்னவீஸுக்குக் கொடுத்து நகரக் காவல் அதிகாரியாகிறான். ஊரை ஆட்டிப் படைக்கிறான். கடைசியில் நானா அவனைக் கைகழுவ, ஊரே கல்லால் அடித்துக் கொல்கிறது. ஆளைத் தயார் செய்ததும் நானாதான், பலி கொடுத்ததும் நானாதான். பம்பாயில் சிவசேனை வளர்ந்துகொண்டிருந்த சமயம் அது. இந்த மாதிரி ஆட்களை யார் வளர்த்துவிடுகிறார்கள் என்ற கேள்வி டெண்டுல்கருக்கு இருந்தது. ஆனால் நாடகத்தில் சிவசேனை என்ற பேச்சே கிடையாது.

அப்புறம் அந்தச் சுவர். பன்னிரண்டு பிராமணர்கள் வரிசையாக நின்று பாடி ஆடுகிறார்கள். திரும்பி முதுகைக் காட்டினால் அதுவே சுவர், அதுவே திரை. பின்னால் என்ன நடக்கிறது என்று நமக்குத் தெரியாது, அவர்களுக்குத் தெரியும். சுவர் விலகினால் நானாவின் அந்தப்புரம், மூடினால் பஜனை. கொங்கணத்து கேளே, தசாவதாரம், கீர்த்தனம், லாவணி என்று அந்தப் பக்கத்து ஆட்டபாட்டம் எல்லாவற்றையும் கலந்து கட்டியிருக்கிறார்கள். இசை பாஸ்கர் சந்தாவர்க்கர். நானாவாக மோகன் அகாஷே, அவரும் டாக்டர்தான், மனநல மருத்துவர். எனக்கு இதில் பிடித்தது செலவு மிச்சம் என்பதல்ல. கொடுமைக்குத் திரை பிடிப்பது சாதாரண ஊர்க்காரர்கள்தான் என்பதை ஒரு வசனம்கூட இல்லாமல் காட்டிவிட்டார் மனிதர். உன் பிள்ளைகளால் இதைச் செய்ய முடியும் மலர். பன்னிரண்டு முதுகு உன்னிடம் இருக்கிறதே!

எதிர்ப்பு வராமல் இருக்குமா? நானாவை இழிவுபடுத்துகிறது, பிராமணர்களுக்கு எதிரானது என்று கிளம்பினார்கள். பத்தொன்பது முறை போட்டதோடு, நாடகம் நடத்திய குழுவின் தலைமையே நிறுத்திவிட்டது. இளைஞர்கள் விலகி வந்து ‘தியேட்டர் அகாடமி’ என்று தனியாகத் தொடங்கி, 1974இல் மறுபடி போட்டார்கள். 1980இல் ஐரோப்பா கிளம்பும்போதும் தகராறு, விஷயம் நீதிமன்றம் வரை போனது.

அவர் எடுத்த படங்களை எல்லாம் வரிசையாகச் சொல்லப்போவதில்லை. ‘சாம்னா’ மட்டும் கட்டாயம் பார். இதற்கும் கதை வசனம் டெண்டுல்கர்தான். சர்க்கரை ஆலை, கூட்டுறவு சங்கம், ஊர் எல்லாம் தன் கைக்குள் வைத்திருக்கும் பெரிய மனிதராக நிலு புலே. அந்த ஊருக்கு வந்து சேரும் குடிகார வாத்தியாராக ஸ்ரீராம் லாகு. மாருதி காம்ப்ளே என்ற ஆள் என்ன ஆனான் என்று அவர் கேட்டுக்கொண்டே இருக்கிறார். அதுவும் அந்தப் பெரிய மனிதர் வீட்டுச் சோற்றைச் சாப்பிட்டுக்கொண்டே! 1975இல் பெர்லின் விழாவுக்குப் போன படம்.

‘சிம்ஹாசன்’ (1979) அருண் சாதுவின் இரண்டு நாவல்களைச் சேர்த்து எடுத்த அரசியல் படம். எல்லாவற்றையும் பார்க்கும் பத்திரிகையாளர், நிலு புலேதான், கடைசியில் பைத்தியம் மாதிரிச் சிரிக்கிறார். ‘உம்பர்டா’வில் (1982) ஸ்மிதா பாட்டீல், பெண்கள் காப்பகத்தில் வேலை பார்க்க வீட்டை விட்டுப் போகிறவர். திரும்பி வந்தால் புருஷன் வேறொரு பெண்ணோடு. மறுபடி கிளம்பிவிடுகிறார். கவனித்தாயா? கேள்வி கேட்கிறவர் யாரும் அவர் படங்களில் சூரர் இல்லை. குடிகாரர், வாயடைத்துப்போன நிருபர், இரண்டு இடத்திலும் நிற்க முடியாத பெண். அவர்கள் நமக்காக ஜெயித்துக் கொடுப்பதில்லை, அதனால்தான் படம் முடிந்தும் நமக்கு எரிச்சல் தீர்வதில்லை. நம் வீதி நாடகங்களில் கடைசியில் கை உயர்த்திப் பாடி முடிப்போமே, ஜனங்களும் கைதட்டிவிட்டு நிம்மதியாகத் தூங்கப் போவார்கள். அந்த நிம்மதியை இவர் தருவதில்லை.

இந்தக் கணக்கில் பார்த்தால் ‘டாக்டர் பாபாசாகேப் அம்பேத்கர்’ கொஞ்சம் வேறு மாதிரிதான். மம்மூட்டிக்கு தேசிய விருது வாங்கித் தந்த படம், அரசுப் பணத்தில் எடுத்தது. மூன்று மணி நேரம். ஒரு பெரிய வாழ்க்கையை ஒன்றும் விடாமல் சொல்லவேண்டும் என்ற பொறுப்பு அவர் கையைக் கட்டியிருக்கிறது, பல இடங்களில் பாடப்புத்தகம்தான். நீ இதை ஒத்துக்கொள்ள மாட்டாய், தெரியும். தமிழில் அது தியேட்டருக்கு வர 2010 டிசம்பர் ஆயிற்று, தமுஎகச (தமிழ்நாடு முற்போக்கு எழுத்தாளர் கலைஞர்கள் சங்கம்) தோழர்கள் அலைந்திருக்காவிட்டால் அப்போதும் வந்திருக்காது. சினிமாவாக எது உசத்தி என்று கேட்டால் எனக்கு ‘சாம்னா’தான். ஆனால் சேரித் தெருவில் திரை கட்டி எதைப் போடுவாய் என்றால் யோசிக்காமல் அம்பேத்கர் படத்தைத்தான் சொல்வேன். இரண்டையும் ஒரே ஆள் எடுத்திருக்கிறாரே, அதுவே எனக்குப் போதும்.

‘சாம்னா’ மராத்தியில்தான் இருக்கிறது. நான் காட்சிவாரியாகத் தமிழில் எழுதி அனுப்புகிறேன், பக்கத்தில் வைத்துக்கொண்டு பார். பிள்ளைகளுக்கு இப்போதைக்குச் சுவர் மட்டும் சொல்லிக்கொடு. முதுகைக் காட்டி நிற்கும்போது சிரிக்கக்கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லிவிடு. ஒத்திகை எப்போது என்று எழுது, முடிந்தால் வருகிறேன்.

உன்,
தேவகி