ஆயிரம் கோடியின் எடை

அன்பு மகளுக்கு,

சென்ற ஞாயிற்றுக்கிழமை தொலைபேசியில், "இன்னுமா அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள், அப்பா?" என்று கேட்டுச் சிரித்தாய். நானும் சிரித்து மழுப்பிவிட்டேன். ஆனால் பத்து இடங்களில் தர்க்கம் உதைக்கிறது என்று நீ சொன்னது மனத்தில் தங்கிவிட்டது. பதில் எழுதினால்தான் எனக்குத் தூக்கம் வரும் போலிருக்கிறது.

"திருடா திருடா" 1993 தீபாவளிக்கு வெளிவந்தபோது முதல் வாரமே பார்த்தவன் நான். "தளபதி"யும் "ரோஜா"வும் எடுத்த மணிரத்னத்திடமிருந்து கனமான ஒன்றை எதிர்பார்த்துத்தான் அரங்கில் போய் உட்கார்ந்தோம். ராம் கோபால் வர்மாவும் சேர்ந்து எழுதிய அந்தக் கதையோ, இரண்டு சில்லறைத் திருடர்களையும் ஒரு கிராமத்துப் பெண்ணையும் ஓடவிட்டு, கடைசிவரை நிற்கவே இல்லை. ஏமாந்து வெளியே வந்தவர்களில் நானும் ஒருவன் என்பதை உன்னிடம் மறைப்பானேன்? இவர் என்னதான் சொல்ல வருகிறார் என்று வழியெல்லாம் நண்பர்களிடம் அலுத்துக்கொண்டேன். ஒன்றும் சொல்ல வரவில்லை என்பதே அதன் அழகு என்று புரிவதற்குப் பின்னாளில் தொலைக்காட்சியில் நாலைந்து முறை பார்க்க வேண்டியிருந்தது.

களவுக் கதை என்றால் திட்டம் தீட்டுவதில்தான் சுவை இருக்கும். இங்கே அழகு, கதிர் என்ற அந்த இரண்டு திருடர்களுக்கும் திட்டம் என்ற ஒன்றே கிடையாது. ரயிலில் வந்த ஆயிரம் கோடி ரூபாய் புதுநோட்டுகளை வேறொரு கும்பல் கொள்ளையடிக்க, கோழி பிடிக்கிற அளவுக்குத் துணிச்சல் உள்ள இவர்கள் அதன் குறுக்கே போய் மாட்டிக்கொள்கிறார்கள். ஒரு லட்சம் என்றால் நமக்கு வீட்டுக்கடன், கல்யாணச் செலவு என்று ஏதேனும் ஓர் உருவம் தோன்றும். அந்த நாளில் ஆயிரம் கோடிக்கு உருவமே கிடையாது. ஆகவே அது கைக்கு வந்தாலும் நமக்குப் பொறாமை இல்லை, போனாலும் வலி இல்லை. அத்தனை பெரிய தொகை பந்தைப் போல எடையற்றுப் போகிறது. தர்க்கமும் அங்கேதான் நழுவுகிறது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஓடுகிறவனிடம் காரணம் கேட்டால் அவன் நின்றல்லவா பதில் சொல்ல வேண்டும்?

கடைசிக் கட்டம் எனக்கும் நீளமாகத்தான் படுகிறது. இருந்தாலும் சலீம் கௌஸ் செய்த வில்லனை மட்டும் குறை சொல்லாதே. அவர் ஒரு கணமும் கோமாளியாகாமல் உண்மையாகவே அச்சமூட்டுவதால்தான் மற்றவர்களின் அசட்டுத்தனம் சிரிப்பாகிறது. பாடகராகவே நாம் அறிந்த எஸ்.பி.பி., சி.பி.ஐ. அதிகாரியாகத் துரத்தி வரும்போது, அந்தக் கனிவான குரலில் அதிகாரம் ஒலிப்பதே ஒரு வேடிக்கை. நடன அமைப்புக்கும் தந்திரக் காட்சிகளுக்கும் தேசிய விருதுகள் கிடைத்தன. பி.சி. ஸ்ரீராமின் ஒளிப்பதிவை நீயே புகழ்ந்துவிட்டாய். நான் வேறு எழுத வேண்டியதில்லை.

"ராசாத்தி" பாட்டைப் பற்றி மட்டும் சொல்லிவிடுகிறேன். இத்தனை இரைச்சலான படத்தில் ரகுமான் அந்த ஒரு பாட்டுக்கு இசைக்கருவிகளையெல்லாம் ஓரமாக வைத்துவிட்டு, ஷாகுல் ஹமீதின் குரலையும் கூட்டுக்குரல்களையும் மட்டுமே நம்பியிருக்கிறார். அரங்கில் முணுமுணுத்துக்கொண்டிருந்த நான்கூட அப்போது வாயை மூடிக்கொண்டேன்.

விடுமுறைக்கு வரும்போது மூவரும் சேர்ந்து மறுபடி பார்ப்போம். உன் பத்துக் கேள்விகளையும் தாராளமாகக் கேள். அந்தப் பாட்டு முடியும்வரை மட்டும் பொறுத்துக்கொள். அம்மாவுக்கும் இதே நிபந்தனைதான்.

அன்புடன்,
அப்பா