ஓரம் கரி, நடு களி

அன்புள்ள ரகு,

நீ சுட்ட பிரவுனியின் போட்டோ கிடைத்தது: ஓரம் கரிந்து, நடு வேகாமல் களியாக. உடனே பதில் போடவில்லை என்று முறைக்காதே, சிரித்து முடிக்க நேரம் பிடித்தது. கணபதிக்கும் அனுப்பினாயாமே? மெஸ் உப்புமாவுக்கு மறுபிறவி என்றானாம். இங்கே எல்லோரும் சௌக்கியம். மற்றதைப் போனில் பேசிக்கொள்ளலாம். பேத்தி பிறந்தநாளுக்கு நாற்பது துண்டு பிரவுனி என்று வாக்குக் கொடுத்துவிட்டு நிற்கிறாயே, அதை முதலில் பார்ப்போம்.

கோகோ மட்டம், மைதா மட்டம் என்று கடைக்காரனைத் திட்டியிருக்கிறாய். அவர் பாவம், விட்டுவிடு. தட்டின் சுவரை ஒட்டிய மாவுக்கு உலோகம் நேரடியாகச் சூடு கொடுக்கிறது. மூலைக்கோ இரண்டு பக்கமிருந்தும் அடி. நடுவுக்குச் சூடு மாவுக்குள்ளேயே ஊர்ந்து போக வேண்டும். அனலைக் கூட்டினால் ஓரம் இன்னும் முந்திக்கொள்ளும், அவ்வளவுதான். உனக்கு வேண்டியது எதிர்மருந்து: அனல் குறைய வேண்டும், நேரம் கூட வேண்டும். குறிப்பில் 175 டிகிரி என்று போட்டிருந்தால் நீ 165 வை. உன் ஓடிஜி (மேடைமேல் வைக்கிற மின்சார பேக்கிங் அடுப்பு) விசிறி ஓடுகிற வகை என்றால் 155 போதும்.

அந்த 165-ஐயும் அடுப்பின் வெப்பக் குமிழில் பார்த்து நம்பாதே. குமிழ் காட்டுவதற்கும் உள்ளே இருப்பதற்கும் இருபது டிகிரி வித்தியாசம் வருவது சகஜம். அடுப்புக்குள்ளே மாட்டிவைக்கிற தெர்மாமீட்டர் ஒன்று வாங்கு. அந்த வெளிநாட்டுச் சாக்லெட்டை விட அதுதான் உனக்கு அவசியம். சூடேறிவிட்டது என்று அடுப்பின் விளக்கு அணைந்ததும் தட்டை உள்ளே தள்ளிவிடுவாய், உன்னைத் தெரியாதா! அப்போது காற்றுதான் சூடாகியிருக்கும், சுவர் இருக்காது. மேல் கம்பி, கீழ்க் கம்பி இரண்டும் எரியட்டும், முழுசாகப் பதினைந்து இருபது நிமிடம். கீழ்க் கம்பியை மட்டும் போட்டால் அடி தீயும். மாவு பெட்டியின் நட்டநடு உயரத்தில் வருகிற மாதிரி கம்பித்தட்டை மாட்டு. பாத்திரத்தைச் சுற்றி இரண்டு விரற்கடையாவது இடைவெளி வேண்டும், இல்லாவிட்டால் காற்று சுற்றாது.

அடுத்தது பாத்திரம். போட்டோவில் தெரிவது கண்ணாடிதானே? அது மெதுவாகச் சூடேறி, வெளியே எடுத்த பிறகும் சூட்டை விடாமல் பிடித்துக்கொண்டு ஓரத்தை வேகவைத்துக்கொண்டே இருக்கும். கறுப்பு நான்-ஸ்டிக்கும் அனலை அதிகம் இழுக்கும். வெளிர் நிற அலுமினியத்தில், நேர்ச்சுவர் வைத்த எட்டு அங்குலச் சதுரம் வாங்கு. கண்ணாடியில் இன்னொரு விஷயம், இதை விளையாட்டாக எடுத்துக்கொள்ளாதே: சுடச்சுட எடுத்து ஈரமான கிரானைட் மேடையில் வைத்தால் வெடித்துச் சிதறும். பேத்தி காலடியில் சுற்றிக்கொண்டிருக்கிற வீடு அது.

எட்டு அங்குலத் தட்டுக்கு அளவு: வெண்ணெய் 115 கிராம், டார்க் சாக்லெட் 115, சர்க்கரை 200, முட்டை இரண்டு, மைதா 65, கோகோ 20. ஊற்றினால் ஒன்றரை சென்டிமீட்டர் உயரம் நிற்கும். நீ இதே அளவை ஆறங்குலத்தில் ஊற்றியிருக்கிறாய் போலிருக்கிறது. உயரம் ஏறத்தாழ இரண்டு மடங்காகிவிடுகிறது, நடு எப்படி வேகும்? கரண்டியால் மூலைகளுக்குத் தள்ளி, நடுவைக் கொஞ்சம் பள்ளமாக விடு. அடியில் பேக்கிங் தாள் போடு. மெழுகு பூசிய தாள் என்றால் புகையும். எது போட்டாலும் முனை கம்பியைத் தொடக்கூடாது.

பதினெட்டாவது நிமிடம் தட்டை முன்பின்னாகத் திருப்பு. சட்டென்று திருப்பிக் கதவை மூடு, எட்டிப் பார்த்துக்கொண்டே நிற்காதே. மேல்புறம் மட்டும் கறுக்க ஆரம்பித்தால் அலுமினியத் தாளை லேசாகக் கவிழ்த்து வை. இருபத்தைந்தாவது நிமிடத்திலிருந்து நடுவில் பல்குச்சி குத்திப் பார். குச்சியில் பச்சை மாவு வழிந்தால் இன்னும் இரண்டு மூன்று நிமிடம். ஈரமான துகள்கள் ஒட்டினால் எடுத்துவிடு. சுத்தமாக வரட்டும் என்று காத்திருந்தாயோ, அது கேக்குக்குச் சரி. பிரவுனி அதற்குள் வறண்டிருக்கும். வெளியே வந்தபிறகும் உள்சூட்டில் வேகும்.

நாற்பது துண்டுக்கு மூன்று தட்டு. ஒன்றில் பதினாறு வரும், எட்டு உபரி, கணபதி இருக்கிறானே. மேலும் கீழுமாக இரண்டு தட்டை ஒரே நேரத்தில் வைக்காதே: மேல் தட்டு மேல்கம்பிக்குப் பக்கத்தில், கீழ்த்தட்டு கீழ்க்கம்பிக்குப் பக்கத்தில், இரண்டும் கெடும். ஒவ்வொன்றாகச் சுடு. ஒரே தட்டில்தான் மூன்று முறையும் என்றால், முழுக்க ஆறிய பிறகே அடுத்த மாவு. சூட்டோடு ஊற்றினால் அடுப்புக்குள் போகுமுன்பே ஓரம் வெந்துவிடும்.

சனிக்கிழமையே சுட்டு, தட்டிலேயே ஆறவிட்டு, ராத்திரி ஃப்ரிட்ஜில் வைத்துவிடு. காலையில் கத்தியை வெந்நீரில் முக்கித் துடைத்து வெட்டு, ஒவ்வொரு வெட்டுக்கும் துடைக்க வேண்டும். அதில் சோம்பல் படாதே. வெட்டியதும் போட்டோ அனுப்பு.

அன்புடன்,
சீனு